காற்றைக் கூட்டாளி ஆக்கியவர்

எதிர்க்காற்றில் சைக்கிள் மிதித்திருக்கிறீர்களா? மூச்சு வாங்கும், இல்லையா? மணிக்கு 300 கிலோமீட்டர் வேகத்தில் போகும் பந்தயக் காருக்கும் அதே பாடுதான். வேகம் இரண்டு மடங்கானால் காற்றின் தடை நான்கு மடங்காகிவிடும்!

இந்தக் காற்றையே கூட்டாளி ஆக்கிக்கொண்டவர் அமெரிக்க வீரர் டேல் எர்ன்ஹார்ட். 1951இல் வட கரோலினா மாநிலத்தில் பிறந்தவர். அப்பாவும் பந்தய வீரர். சாலையில் ஓடும் கார்களின் சாயலில் செய்த கார்களை ஓட்டுவது ‘ஸ்டாக் கார்’ பந்தயம். அதை நடத்தும் நாஸ்கார் அமைப்பின் சாம்பியன் பட்டத்தை 1980 முதல் 1994 வரை ஏழு முறை வென்றார். 3ஆம் எண் போட்ட அவருடைய கறுப்புக் காரைக் கண்டாலே மற்றவர்களுக்கு உதறல்தான். காற்றைக் கண்ணால் பார்க்கிறவர் என்றே அவரைச் சொல்வார்கள்.

அது என்ன வித்தை? காற்றைக் கிழித்துக்கொண்டு ஒரு கார் பாயும்போது, அதன் முதுகுப்புறத்தில் காற்றழுத்தம் குறைந்துவிடும். இந்தக் குறை அழுத்தம் காரைப் பின்னுக்கு இழுக்கும். அந்த இடத்துக்குள் இன்னொரு கார் ஒட்டி நுழைந்தால், அதன்மேல் மோதும் காற்று குறையும். முன்னால் போகும் காருக்கும் பின்னிழுப்பு குறையும். ஆக, தனியாகப் போவதைவிட இரண்டுமே வேகமாகப் போகும்! இதற்கு ‘டிராஃப்டிங்’ என்று பெயர்.

2000 அக்டோபரில் டல்லாடெகா மைதானத்தில் நடந்த பந்தயம் இதற்கு நல்ல சாட்சி. முடிய ஐந்து சுற்றுகள் இருக்கும்போது எர்ன்ஹார்ட் 18ஆவது இடத்தில் இருந்தார். கென்னி வாலஸ் என்ற வீரரின் கார் அவருக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டது. இரண்டும் சேர்ந்து ஒவ்வொரு காராகத் தாண்டின. எர்ன்ஹார்ட் முதலிடம்! அது அவருடைய 76ஆவது வெற்றி. கடைசி வெற்றியும் அதுதான்.

2001 பிப்ரவரி 18 அன்று, டேடோனா மைதானத்தில் நடந்த பந்தயத்தின் கடைசிச் சுற்றில் அவருடைய கார் சுவரில் மோதியது. அவர் உயிரிழந்தார். கார் சட்டென்று நின்றால் இருக்கைப் பட்டை உடலைப் பிடித்துக்கொள்ளும். தலையோ, நிலைமத்தால், அதே வேகத்தில் முன்னே பாயும். அந்தப் பாய்ச்சலைத் தாங்க, ஹெல்மெட்டைத் தோள்பட்டையோடு வார்களால் பிணைக்கும் ‘ஹான்ஸ்’ போன்ற கருவிகளை அதே ஆண்டு நாஸ்கார் கட்டாயமாக்கியது. மோதலின் ஆற்றலை உள்வாங்கும் சுவர்களும் வந்தன. அதன் பிறகு நாஸ்காரின் முதல்நிலைத் தொடரின் பந்தயங்களில் எந்த வீரரும் விபத்தில் இறக்கவில்லை.

டிராஃப்டிங் வித்தையை நீங்களும் சோதித்துப் பாருங்கள். ஓடும் மேசை விசிறிக்கு எதிரே ஓர் அகலமான புத்தகத்தை நிறுத்துங்கள். ஒரு மெல்லிய காகித நாடாவை முதலில் புத்தகத்துக்குப் பக்கத்திலும், பிறகு அதன் பின்னாலும் பிடியுங்கள். பக்கத்தில் படபடத்த நாடா, பின்னால் தளர்ந்து ஆடும்.

ஒன்று மட்டும் மறக்க வேண்டாம்: டிராஃப்டிங் பந்தயத் திடலுக்குத்தான். சாலையில் பேருந்துக்கும் லாரிக்கும் பின்னால் சைக்கிளில் ஒட்டிப் போகவே கூடாது!