வாலிபப் பருவமும் இரவுத் தூக்கமும்

 

சுபஹுத் தொழுகைக்கு எழுப்பினால் பிள்ளை எழும்புவதில்லை என்ற முறைப்பாடு இல்லாத வீடு இன்று குறைவு. சோம்பல் என்கிறோம், ஈமானின் பலவீனம் என்றுகூடச் சிலர் தீர்ப்பளித்து விடுகின்றனர். அப்பிள்ளை எத்தனை மணிக்கு உறங்கியது என்று மாத்திரம் எவரும் கேட்பதில்லை.

தூக்கத்தை ஓய்வாக ஆக்கியிருப்பதை அல்லாஹுத்தஆலா சூரா அந்நபஃவில் தனது அருட்கொடைகளுள் ஒன்றாக எடுத்துரைக்கின்றான். 13 முதல் 18 வயதினருக்கு நாளொன்றுக்கு 8 முதல் 10 மணித்தியாலத் தூக்கம் வேண்டும் என அமெரிக்கத் தூக்க மருத்துவ அக்கடமி 2016 இல் வலியுறுத்தியது. ஆழ்ந்த உறக்கத்தின்போதே வளர்ச்சி ஹோர்மோன் அதிகம் சுரக்கின்றது. பகலில் கற்றவை மூளையில் நிலைபெறுவதற்கும் உறக்கம் தேவை. அது தொடர்ந்து குறையும்போது கவனம் சிதறுகின்றது. சிறு விடயத்துக்கும் கோபம் வருகின்றது. மனச்சோர்வுக்கும் அது வழிகோலுகின்றது.

பருவ வயதை அடையும்போது உடலின் கடிகாரமே சற்றுப் பின்தள்ளப்படுகின்றது. உடலை உறக்கத்துக்கு ஆயத்தப்படுத்தும் மெலடோனின் எனும் ஹோர்மோன், சிறுவர்களை விட இவர்களுக்கு இரவில் தாமதித்தே சுரக்கின்றது. எனவே, ஒன்பது மணிக்குத் தூக்கம் வரவில்லை என்று உங்கள் மகன் கூறுவது முழுப் பொய்யன்று. ஆனால், கையடக்கத் தொலைபேசியின் வெளிச்சம் அத்தாமதத்தை இன்னும் நீட்டுகின்றது. அதை அவன் கூறமாட்டான்!

சுபஹ் ஐந்து மணியளவில், பாடசாலை 7.30க்கு. இவ்விரண்டையும் நம்மால் பிற்போட முடியாது. நகர்த்தக்கூடியது இரவு மாத்திரமே. இஷாவுக்கு முன் உறங்குவதையும் அதன் பின் வீண்பேச்சில் ஈடுபடுவதையும் நபி (ஸல்) அவர்கள் வெறுத்தார்கள். கோடையில் இங்கிலாந்து முஸ்லிம்களுக்கு இஷாவே நள்ளிரவை நெருங்கிவிடும். நமக்கோ வருடம் முழுவதும் எட்டு மணிக்கு முன்பே இஷா நேரம் வந்துவிடுகின்றது. இவ்வசதியைப் பிரத்தியேக வகுப்புகளுக்கும் தொலைக்காட்சிக்கும் தாரைவார்த்து விட்டோம்.

பரீட்சை நெருங்கினால் இரவிரவாகப் படிப்பதைப் பெருமையாகக் கருதுகின்றோம். தொடர்ந்து 17 மணித்தியாலங்கள் விழித்திருப்பவரின் செயற்றிறன், இரத்தத்தில் 0.05 சதவீத மது கலந்தவரின் நிலைக்கு இறங்கிவிடுவதாக 1997 இல் வெளியான ஆய்வொன்று காட்டியது. ஐந்து மணிக்கு எழுந்தவருக்கு அந்த நேரம் இரவு பத்து மணி! ஹராமான ஒரு துளியும் தீண்டாத மாணவன், அந்த நிலையில்தான் கணிதப் புத்தகத்தைத் திறக்கின்றான். சிலர் மோட்டார் சைக்கிளையும் எடுக்கின்றனர். பகலெல்லாம் நோன்பும் இரவெல்லாம் தொழுகையுமாக இருந்த இளம் ஸஹாபி அப்துல்லாஹ் இப்னு அம்ர் (ரழி) அவர்களையே, உடலுக்கும் கண்களுக்கும் உள்ள உரிமையை நினைவூட்டி நபியவர்கள் தடுத்தார்கள். வணக்கத்துக்கே இந்த வரையறையென்றால் பரீட்சைக்கு எம்மாத்திரம்?

பாடசாலை விட்டு வந்ததும் இருபது, முப்பது நிமிடம் கைலூலா உறங்குவது நல்லது. அஸருக்குப் பின் நீண்டு உறங்கினால் இரவுத் தூக்கம் கெடும். மாலைக்குப் பின் தேநீர், கோப்பி வேண்டாம். விடுமுறை நாளில் பத்து மணி வரை உறங்க விடுவதும் உடற்கடிகாரத்தைக் குழப்பும். போதியளவு உறங்கியும் பகலில் தூங்கி விழும், அல்லது பலத்த குறட்டை விடும் பிள்ளையை வைத்தியரிடம் காட்டுங்கள்.

தொலைபேசிகளை இரவு ஒன்பது மணிக்கு மண்டபத்தில் ஓரிடத்தில் வையுங்கள். வாப்பாவின் தொலைபேசியும் அங்கேயே இருக்கட்டும்.