உங்களுக்குத் தெரியுமா?

கண்ணுக்கே தெரியாத ஒரு தூசி, ஒரு கிராமத்தின் இணையத்தையே முடக்கிவிடும்!

தொலைதூர ஃபைபர் இழையில் ஒளி ஓடும் மையத்தின் விட்டம் சுமார் 9 மைக்ரான்தான். தலைமுடியின் தடிமனில் ஏறத்தாழ எட்டில் ஒரு பங்கு. இணைப்பு முனையில் அந்த அளவு தூசி உட்கார்ந்தால் போதும், ஒளிக்கு வழியில்லை.

● ஊராட்சிகளுக்கு இணையம் கொண்டுசெல்லும் பாரத்நெட் திட்டத்தில் தமிழகத்தின் 12,525 ஊராட்சிகளுக்கும் ஃபைபர் கொண்டுபோகும் பொறுப்பு, அரசு நிறுவனமான டான்ஃபிநெட்டுக்கு. சேலம், நாமக்கல் சமவெளிக் கிராமங்களும் இதில் அடக்கம். கேபிள் பெரும்பாலும் மின்கம்பங்கள் வழியேதான் வருகிறது.

● வந்த கேபிளை நேராகக் கருவியில் செருகுவதில்லை. பகிர்வுப் பெட்டிக்குள் ஒவ்வொரு இழையும், ஒரு முனையில் மட்டும் கனெக்டர் உள்ள குட்டையான வால் இழையோடு உருக்கி ஒட்டப்பட்டு, தட்டில் சுருட்டி வைக்கப்படும். வால் இழையின் கனெக்டர் முனை பேட்ச் பேனலின் துளைக்கு வரும். பிறகு இணைப்பை மாற்ற வேண்டுமா? பேனலையும் கருவியையும் இணைக்கும் பேட்ச் கார்டை மட்டும் மாற்றினால் போதும், மெயின் கேபிளைத் தொடவே வேண்டாம். பராமரிப்பில் பாதி நிம்மதி இந்தப் பெட்டியால்தான்.

● இழைகளை நிறத்தால் எண்ணுவார்கள்: நீலம் 1, ஆரஞ்சு 2, பச்சை 3, பழுப்பு 4... இப்படி 12 நிறங்கள்.

● கனெக்டருக்கும் நிறம் உண்டு. பச்சை கனெக்டரின் முனை 8 டிகிரி சாய்வாகத் தீட்டப்பட்டது. நீலத்தின் முனையில் அந்தச் சாய்வு இல்லை. இரண்டையும் ஒன்றோடொன்று செருகவே கூடாது.

● இழையில் ஓடுவது கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளி. சாலையோரம் கேபிள் அறுந்து தொங்கினால் இழுக்காதீர்கள். முனையைக் கண்ணருகே கொண்டுபோகாதீர்கள்.