பல்லால் பெயர் வாங்கிய மீன்

மீன் வாங்கப் போகிறவர்கள் செவுளைத் தூக்கிப் பார்ப்பார்கள்; பல்லை யாரும் பார்ப்பதில்லை. 'செரட்டோடஸ்' என்னும் மீனின் கதையோ பல்லிலிருந்துதான் தொடங்குகிறது. உடம்பு மட்கிப்போக, மேடு மேடாகக் கொம்பு போல் நீண்ட தட்டைப் பற்களே பாறைகளில் மிஞ்சின. அவற்றைக் கண்டு 1830-களில் 'கொம்புப் பல்' என்று பொருள்படும் இப்பெயரைச் சூட்டியவர் சுவிஸ் விஞ்ஞானி லூயி அகாசி.

நம் நாட்டிலும் இப்படிப்பட்ட பற்கள் உண்டு. தெலங்கானாவில் பிராணஹிதா - கோதாவரிப் பள்ளத்தாக்கில் மலேரி என்று ஓர் ஊர். (கொசு ஜுரத்துக்கும் இதற்கும் சம்பந்தமில்லை.) அங்குள்ள சிவப்புக் களிமண் படிவுகளுக்கு வயது சுமார் 22 கோடி ஆண்டு. அங்கே அகப்பட்ட பற்களை 1859-ல் விவரித்தவர் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறைத் தலைவர் தாமஸ் ஓல்டாம். இரண்டு இனங்களுக்கு நாகபுரிப் பாதிரிமார்களான ஹிஸ்லாப், ஹண்டர் ஆகியோரின் பெயர்களை வைத்தார். இப்பற்களைப் பின்னால் வந்தவர்கள் நெருங்கிய உறவான வேறொரு பேரினத்துக்கு மாற்றினார்கள். கல்லும் எலும்பும் தேடி அலைந்த ஹிஸ்லாப், 1863-ல் வெள்ளம் பெருகிய ஆற்றைக் கடக்கையில் மூழ்கி இறந்தார். நாகபுரியில் உள்ள ஹிஸ்லாப் கல்லூரி அவர் பெயர் தாங்கியதே.

மீன் எப்படி இருந்திருக்கும்? விடை ஆஸ்திரேலியாவில் சாப்பாட்டுத் தட்டில் கிடந்தது!

குவீன்ஸ்லாந்தின் பர்னெட் ஆற்றில் பெரிய செதில் கொண்ட ஒரு மீனைக் குடியேறியவர்கள் பிடித்துத் தின்று வந்தார்கள். வில்லியம் ஃபார்ஸ்டர் என்ற அரசியல்வாதி அதைப் பற்றிச் சொன்னபோது, சிட்னி அருங்காட்சியகத்தின் ஜெரார்ட் கிரெஃப்ட் நம்பவில்லை. 1870-ல் மீனே வந்து சேர்ந்தது. வாயைத் திறந்தால் அகாசியின் பல்! கிரெஃப்ட் அதை முதலில் அறிவித்தது ஒரு சிட்னி நாளிதழில். பெயரும் ஃபார்ஸ்டருக்கே கொடுத்தார். பிற்பாடு அது 'நியோசெரட்டோடஸ்' எனத் தனிப் பேரினமாயிற்று. நான்கே ஆண்டுகளில் கிரெஃப்ட் பதவி நீக்கப்பட்டார். வெளியேற மறுத்த மனிதரை நாற்காலியோடு தூக்கித் தெருவில் வைத்தார்கள்.

இந்த மீனுக்குச் செவுளோடு ஒரு நுரையீரலும் உண்டு. தண்ணீரில் பிராணவாயு குறைந்தால் மேலே வந்து மூச்சு வாங்கும். சதைப்பற்றான துடுப்புகளுக்குள் குருத்தெலும்புத் தண்டு ஓடும். நாலுகால் பிராணிகளுக்கு இன்றுள்ள மீன்களில் மிக நெருங்கிய உறவு நுரையீரல் மீன்கள்தாம். அந்தக் கணக்கில் நமக்கும் உறவே. ஆயுளும் கெட்டி. 1933-ல் சிகாகோ மீன் காட்சியகத்துக்கு வந்த ஒன்று 2017 வரை அங்கே இருந்தது.

ஆனால் சொந்த ஆற்றில் நிலைமை அத்தனை சுகமில்லை. கரையோர ஆழமற்ற நீரில், தாவரங்களின் மேல்தான் இது முட்டையிடும். அணை நீர் ஏறினாலும் இறங்கினாலும் அந்தச் செடிகளுக்குக் கேடு. 2003-ல் ஆஸ்திரேலிய அரசு இதனை ஆபத்துக்குள்ளாகக்கூடிய இனம் என்று அறிவித்தது. அதற்குப் பிறகுதான் பர்னெட் ஆற்றில் பாரடைஸ் அணை கட்டி முடிக்கப்பட்டது.