வீட்டுக் காகமும் மனிதப் பார்வையும்

வீட்டுக் காகம் தெற்காசியாவைத் தாயகமாகக் கொண்ட, சாம்பல் நிறக் கழுத்துடைய பறவையாகும். 1817-இல் பிரெஞ்சுப் பறவையியலாளர் வியேயோ இதற்குக் கார்வஸ் ஸ்ப்ளெண்டென்ஸ் என்று அறிவியல் பெயரிட்டார். இலத்தீனில் ஸ்ப்ளெண்டென்ஸ் என்பது ஒளிர்வதைக் குறிக்கும். வெயிலில் இதன் இறகில் நீலமும் ஊதாவும் மினுங்கும். நாள்தோறும் காகத்தைக் காண்பவர்கள் அதைக் கவனிப்பது அரிது.

தமிழகத்தில் காகத்தின் மீதான பார்வை ஒன்றல்ல. அமாவாசையிலும் திதி நாளிலும் முன்னோராகக் கருதி அதற்கு முதலில் சோறு வைப்பர். காகம் கரைந்தால் விருந்தினர் வருவர் என்னும் நம்பிக்கை சங்க காலத்திலேயே உண்டு. அதைப் பாடியதால்தான் நச்செள்ளையார் 'காக்கைபாடினியார்' எனப்பட்டார். ஆனால் அதே காகம் தலையில் தட்டிவிட்டால் அபசகுனம் என்பர். சனீஸ்வரனின் வாகனம் என்பதும் இந்த அச்சத்துக்கு ஒரு காரணம். உண்மையில், கூட்டில் குஞ்சுகள் இருக்கும் காலத்தில் அருகில் வருவோரை விரட்டவே காகம் அவ்வாறு செய்கிறது.

குயிலோடு ஒப்பிட்டால் இந்த ஓரவஞ்சனை இன்னும் தெளிவாகும். குயில் கூடு கட்டுவதில்லை. காகத்தின் கூட்டில் முட்டையிடுகிறது. அடைகாத்து, இரை ஊட்டி வளர்ப்பது காகமே. ஆண் குயிலும் கறுப்புதான். குரல் இனிமை என்ற ஒன்றுக்காகக் குயிலுக்குப் புகழும் காகத்துக்கு ஏளனமும் கிடைத்தன.

சட்டமும் இதற்கு விலக்கல்ல. இந்தியாவின் 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம், எலி, பழந்தின்னி வௌவால் ஆகியவற்றுடன் காகத்தையும் 'தீங்குயிர்' அட்டவணையில் வைத்தது. படையல் சோற்றுக்கு வீடுதோறும் அழைக்கப்பட்ட பறவைக்குச் சட்டப் பாதுகாப்பு இருக்கவில்லை. 2022-இல் நிறைவேறிய திருத்தத்தில்தான் அந்த அட்டவணை நீக்கப்பட்டது.

கடல் கடந்த காகத்தின் கதை வேறு. 1890-களில் மலாயாவின் கிள்ளான் பகுதிக் காப்பித் தோட்டங்களில் கம்பளிப்புழுக்களைத் தின்பதற்காக இலங்கையிலிருந்து காகங்கள் கொண்டுசெல்லப்பட்டன. பின்னாளில் அங்கே அவை பெருந்தொல்லையாகக் கருதப்பட்டுச் சுடப்பட்டன. மனிதரால் கிழக்கு ஆப்பிரிக்காவை அடைந்த காகங்கள் அங்குள்ள சிறு பறவைகளின் முட்டைகளையும் குஞ்சுகளையும் தின்கின்றன. இப்பாதிப்பு வெறும் வெறுப்பின் கற்பனையல்ல. கென்யாவின் வனவிலங்குத் துறை, 2024-ஆம் ஆண்டு இறுதிக்குள் பத்து லட்சம் காகங்களை ஒழிக்கும் திட்டத்தை அறிவித்தது.