விமானத்தில் இடம் பிடிக்கும் விலை

பெங்களூரு கிழக்கு இரயில் நிலையத்துக்கு அருகில் அமைந்துள்ள காக்ஸ் டவுன், கண்டோன்மென்ட் காலத்திலிருந்தே தமிழ்க் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்துவரும் வட்டாரத்தைச் சேர்ந்தது. இங்கிருந்து சென்னைக்கும் மதுரைக்கும் கோவைக்கும் செல்வோர் நெடுங்காலம் இரயிலையும் இரவுப் பேருந்தையுமே நம்பியிருந்தனர். எச்.ஏ.எல். விமான நிலையம் சில கிலோமீட்டர் தொலைவிலேயே இருந்தபோதிலும், விமானப் பயணம் நடுத்தரக் குடும்பங்களுக்கு எட்டாததாகவே இருந்தது. 2008 மே மாதம் விமான நிலையம் தேவனஹள்ளிக்கு இடம் மாறியது. தொலைவு கூடியது, ஆயினும் கட்டணம் கைக்கு எட்டும் நிலைக்கு வந்திருந்தது. இன்று திருமணத்துக்கும் மருத்துவத்துக்கும் வேலைக்கான நேர்முகத் தேர்வுக்கும் விமானத்தில் செல்வது இயல்பாகிவிட்டது.

இப்பயணிகள் அனைவரும் எதிர்கொள்ளும் ஒரு கட்டம் உண்டு. பயணச்சீட்டின் விலையைப் பார்த்து, பெயர்களைப் பதிந்து, அடுத்த பக்கத்துக்குச் சென்றால் விமானத்தின் உட்புற வரைபடம் திரையில் விரிகிறது. ஒவ்வோர் இருக்கையின்மீதும் ஒரு விலை. “சீட்டுக்குத்தான் பணம் கட்டுகிறோமே, இருக்கைக்கு எதற்குத் தனிக் கட்டணம்?” என்ற கேள்வி எழுவது இயற்கை. இதற்கான விடையை அறிந்துகொண்டால், எங்கே பணம் செலுத்துவது தகும், எங்கே தேவையில்லை என்பதும் தெளிவாகும்.

பேருந்தைப் போல் ஒரு விமானம்

இந்தியாவில் குறைந்த கட்டண விமானப் பயணம் தொடங்கியது பெங்களூரில்தான். கேப்டன் ஜி. ஆர். கோபிநாத் நிறுவிய ஏர் டெக்கான் 2003 ஆகஸ்டில் சேவையைத் தொடங்கியது. ஆர். கே. லக்ஷ்மண் வரைந்த ‘சாமானிய மனிதன்’ அந்நிறுவனத்தின் அடையாளச் சின்னமானார். கோபிநாத்தின் வாழ்க்கையைத் தழுவி 2020இல் வெளிவந்த ‘சூரரைப் போற்று’ திரைப்படத்தின் வாயிலாக இவ்வரலாற்றைத் தமிழர் பலர் அறிவர்.

ஏர் டெக்கானில் இலவச உணவு இல்லை. சீட்டில் இருக்கை எண்ணும் இல்லை. முதலில் ஏறியவர் விரும்பிய இடத்தில் அமரலாம். நம்மூர்ப் பேருந்தில் சன்னல் வழியே துண்டு போட்டு இடம் பிடிக்கும் வழக்கத்துக்கு இது ஏறத்தாழ நிகரானது. இதனால் விமானத்தில் ஏறும் பயணிகள் விரைந்தனர். விமானமும் தரையில் நிற்கும் நேரத்தைக் குறைத்து மீண்டும் பறக்க முடிந்தது. அந்நாளில் சன்னலோர இருக்கைக்கு விலை பணமன்று, வேகமே. முதியவருக்கும் கைக்குழந்தையுடன் வருபவருக்கும் அந்த விலையைக் கொடுப்பது எளிதாக இருந்திராது.

ஒரு ரூபாய்க்குக்கூடச் சில சீட்டுகளை விற்ற அந்நிறுவனத்தால் நட்டத்திலிருந்து மீள இயலவில்லை. 2007இல் விஜய் மல்லையாவின் யு.பி. குழுமம் அதில் பங்குகளை வாங்கியது. அடுத்த ஆண்டு ஏர் டெக்கான் என்ற பெயர் மறைந்து ‘கிங்ஃபிஷர் ரெட்’ வந்தது. 2012இல் கிங்ஃபிஷரும் பறப்பதை நிறுத்தியது. குறைந்த கட்டணத்தால் விமானத்தை நிரப்ப முடியும். அதனால் மட்டுமே நிறுவனத்தை நடத்த முடியாது என்பது இவ்வரலாறு கற்பித்த பாடம். பின்னர் நிலைபெற்ற நிறுவனங்கள் சீட்டின் விலையோடு வேறு வருவாய்களையும் சேர்த்தே கணக்கிட்டன.

இருக்கை எவ்வாறு வருவாயாகிறது?

விமானத்தின் செலவுகளில் பெரும்பகுதி பயணிகளின் எண்ணிக்கையைப் பொறுத்துக் குறைவதில்லை. விமானக் குத்தகை, எரிபொருள், விமானிகளின் ஊதியம், நிலையக் கட்டணங்கள் ஆகியவை பாதி இருக்கைகள் காலியாக இருந்தாலும் ஏறக்குறைய அதே அளவில் நிற்கும். விற்காத காய்கறியை மறுநாள் விலை குறைத்தாவது விற்கலாம். புறப்பட்டுவிட்ட விமானத்தின் காலி இருக்கையை எந்த விலைக்கும் விற்க இயலாது. ஆகவே நிறுவனங்கள் இருக்கைகளைப் பல விலைப் படிகளாகப் பிரிக்கின்றன. மிகக் குறைந்த படியில் சில இருக்கைகளே இருக்கும். அவை தீர்ந்ததும் விலை அடுத்த படிக்கு ஏறும்.

பயணிகள் பல நிறுவனங்களின் விலையை இணையத்தில் ஒப்பிட்டே சீட்டு வாங்குகின்றனர். முதற் பக்கத்தில் நூறு ரூபாய் கூடுதலாகத் தெரிந்தாலும் பயணி அடுத்த நிறுவனத்தை நாடிவிடுவார். எனவே முதலில் தெரியும் விலையைக் குறைத்து, உணவு, பயணப்பெட்டி, விரைவாக ஏறும் உரிமை, இருக்கைத் தேர்வு என ஒவ்வொன்றையும் பிரித்து விற்பது வழக்கமாயிற்று. விமான நிறுவனங்கள் தம் நிதியறிக்கைகளில் இதைத் ‘துணை வருவாய்’ என்று தனி வரியாகவே காட்டுகின்றன.

இவற்றுள் இருக்கைத் தேர்வுக்கு ஒரு தனித்தன்மை உண்டு. உணவு விற்றால் அதைச் சமைக்கவும் ஏற்றவும் செலவாகும். கூடுதல் பெட்டியை ஏற்றினால் எடையும் எரிபொருளும் கூடும். இருக்கைத் தேர்வுக்கோ அத்தகைய செலவு ஏதுமில்லை. இருக்கை முன்பே அங்கே இருக்கிறது. வரிசைக்கு ஆறு இருக்கைகள் கொண்ட 180 இருக்கை விமானத்தில் 60 சன்னலோரத்தில் இருக்கும். 60 நடைபாதையோரத்தில் இருக்கும். எஞ்சிய 60 நடுவில் இருக்கும். நடு இருக்கையை விரும்பிக் கேட்பவர் அரிது. அந்த விருப்பமின்மையே மற்ற 120 இருக்கைகளுக்கும் விலையை ஏற்படுத்துகிறது. கால் நீட்ட இடமுள்ள அவசர வழி வரிசைக்கும், முதலில் இறங்க உதவும் முன்வரிசைக்கும் விலை இன்னும் கூடும்.

உலக நடப்பு

இப்போக்கு இந்தியாவுக்கு மட்டும் உரியதன்று. ஐரோப்பாவின் ரையன்ஏர் நிறுவனம் 2024 மார்ச்சில் முடிந்த நிதியாண்டில் ஈட்டிய 1,344 கோடி யூரோ வருவாயில் 430 கோடி யூரோ துணை வருவாயாகும். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு. ஒரு பயணிக்குச் சுமார் 23 யூரோ. அமெரிக்காவில் ஐந்து விமான நிறுவனங்கள் 2018 முதல் 2023 வரை இருக்கைக் கட்டணமாக மட்டும் 1,240 கோடி டாலர் ஈட்டியதாக அந்நாட்டு செனட் துணைக்குழு 2024 நவம்பரில் வெளியிட்ட அறிக்கை கூறுகிறது. 2023இல் யுனைடெட் நிறுவனம் பயணப்பெட்டிக் கட்டணத்தைவிட இருக்கைக் கட்டணத்தாலேயே மிகுதியாக ஈட்டியது. 1971 முதல் இருக்கை எண்ணே இல்லாமல் பயணிகளை ஏற்றிவந்த சவுத்வெஸ்ட் நிறுவனமும் அம்முறையைக் கைவிடுவதாக 2024இல் அறிவித்தது.

நம் நாட்டில் 2018 நவம்பரில் இவ்விவாதம் சூடு பிடித்தது. இணையவழிச் செக்-இன் செய்வோர் எந்த இருக்கையைத் தேர்ந்தாலும் கட்டணம் உண்டு என்று இண்டிகோ அறிவிக்க, பயணிகள் கடுமையாக எதிர்த்தனர். இது விதிகளுக்கு உட்பட்டதா என ஆராய்வதாக விமானப் போக்குவரத்து அமைச்சகம் கூறியது. விமான நிலையத்தில் செக்-இன் செய்வோருக்குக் கட்டணமின்றி இருக்கை ஒதுக்கப்படும் என்று நிறுவனம் விளக்கியது. பயணி நினைவிற்கொள்ள வேண்டிய அடிப்படை இவ்விளக்கத்தில் அடங்கியிருக்கிறது. சீட்டு வாங்கியவருக்கு இருக்கை உண்டு; தனிக் கட்டணம் எந்த இருக்கை என்று தேர்ந்தெடுக்கும் உரிமைக்கு மட்டுமே.

விதிகள் தரும் பாதுகாப்பு

இருக்கைத் தேர்வு, உணவு, பயணப்பெட்டி முதலியவற்றைத் தனியே விற்க விமானப் போக்குவரத்துத் தலைமை இயக்குநரகமான டி.ஜி.சி.ஏ. அனுமதிக்கிறது. ஆனால் பயணி தாமாகக் கேட்டால் மட்டுமே அவற்றைச் சேர்க்க வேண்டும் என்பது நிபந்தனை. முன்கூட்டியே சேர்த்துவிட்டு, வேண்டாதவர் நீக்கிக்கொள்ளட்டும் என்று விடுவது ஏற்புடையதன்று. இருக்கையைத் தேர்ந்தெடுக்காதவருக்குப் புறப்படும் முன் தானாகவே ஓர் இருக்கை ஒதுக்கப்படும்.

குழந்தைகளுடன் பயணம் செய்வோர் அறிய வேண்டிய மற்றொரு விதி 2024 ஏப்ரலில் வந்தது. 12 வயது வரையுள்ள குழந்தைக்கு, அதே பி.என்.ஆர். எண்ணில் பயணம் செய்யும் பெற்றோர் அல்லது பாதுகாவலருள் ஒருவரது பக்கத்திலேனும் இருக்கை ஒதுக்க வேண்டிய பொறுப்பு விமான நிறுவனத்தினுடையது. குழந்தை எங்கோ தனித்து அமர நேருமோ என்ற அச்சத்தாலேயே பல பெற்றோர் பணம் கட்டிவந்தனர். அந்த அச்சத்துக்கு இவ்விதி விடை அளிக்கிறது.

முதியோருக்கு இத்தகைய ஏற்பாடு இரயிலில் உண்டு. மூத்த குடிமக்களுக்கும் 45 வயது கடந்த பெண்களுக்கும், இடம் இருக்குமாயின், கீழ்ப் படுக்கை தானாகவே ஒதுக்கப்படுகிறது. அதற்குத் தனிக் கட்டணம் இல்லை. விமானத்தில் நடைபாதையோர இருக்கை தேவைப்படும் முதியவர் பெரும்பாலும் அதற்குப் பணம் கட்டியே பெற வேண்டியுள்ளது. தேவைக்கும் வசதிக்கும் ஒரே விலை வைக்கும் இம்முறை நியாயந்தானா என்ற கேள்வி இன்னும் மிச்சமிருக்கிறது.

ஒரு குடும்பத்தின் கணக்கு

காக்ஸ் டவுனில் வசிக்கும் ஒரு குடும்பம் தில்லிக்குச் சென்று திரும்புவதாக வைத்துக்கொள்வோம். கணவன், மனைவி, எட்டு வயது மகள், எழுபது வயதுப் பாட்டி என நால்வர். நடு இருக்கைக்கு 250 ரூபாயும் ஓர இருக்கைக்கு 400 ரூபாயும் கட்டணம் என்று உதாரணமாகக் கொள்வோம். மூவர் ஒரே வரிசையிலும் நான்காமவர் நடைபாதைக்கு அப்பாலும் அமர விரும்பினால் ஒரு வழிக்கு 1,450 ரூபாய். போகவர 2,900 ரூபாய்.

இதே குடும்பம் நால்வருக்கும் ஒரே பி.என்.ஆர். எண்ணில் சீட்டு எடுக்கிறது. மூட்டு வலியுள்ள பாட்டிக்கு நடைபாதையோர இருக்கையையும், அவருக்குத் துணையாக ஒருவருக்கு அருகிலுள்ள நடு இருக்கையையும் மட்டும் பணம் கொடுத்துத் தேர்ந்தெடுக்கிறது. மகளை மற்றவருக்குப் பக்கத்தில் அமர்த்தும் பொறுப்பை விதி பார்த்துக்கொள்கிறது. செலவு ஒரு வழிக்கு 650 ரூபாய். போகவர 1,300 ரூபாய். மிச்சம் 1,600 ரூபாய். நால்வரும் ஒன்றாக அமர்ந்து பேசிக்கொண்டே செல்ல வேண்டும் என்று விரும்பினால் முழுத் தொகையையும் செலுத்துவதில் தவறேதும் இல்லை. தேவைக்குக் கட்டுகிறோமா, விருப்பத்துக்குக் கட்டுகிறோமா, அச்சத்துக்குக் கட்டுகிறோமா என்று பிரித்துப் பார்ப்பதே முக்கியம்.

பணம் செலுத்துமுன்

முதற் பக்கத்தில் தெரியும் விலைகளை ஒப்பிடாதீர்கள். பெட்டி, இருக்கை, வசதிக் கட்டணம் அனைத்தும் சேர்ந்த இறுதித் தொகைகளை ஒப்பிடுங்கள். பயணப்பெட்டி எடுத்துச் செல்ல இடம் தராத குறைந்த விலைச் சீட்டுகளும் இப்போது விற்கப்படுகின்றன. பெட்டிக்கான கட்டணத்தைக் கூட்டிப் பார்த்தால் அடுத்த நிலைச் சீட்டே மலிவாக அமையக்கூடும்.

கட்டணத்தின் விவரப் பட்டியலை ஒருமுறை திறந்து பாருங்கள். நீங்கள் கேட்காத காப்பீடோ இருக்கையோ அதில் சேர்ந்திருந்தால் நீக்குங்கள். கேட்காததைக் கூடையில் சேர்ப்பதையும், விலையைத் துளித்துளியாக ஏற்றி இறுதியில் காட்டுவதையும் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பரில் வெளியிட்ட வழிகாட்டு நெறிகள் முறையற்ற உத்திகளாக வகைப்படுத்தியுள்ளன. இத்தகைய குறைகளைத் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இலும், விமானப் போக்குவரத்து அமைச்சகத்தின் ஏர்சேவா தளத்திலும் பதிவு செய்யலாம்.

அவசர வழி வரிசையில் குழந்தைகளோ, அவசர காலத்தில் கதவைத் திறந்து உதவ இயலாதவர்களோ அமர அனுமதியில்லை. முழங்கால் வலிக்கு இதமாக இருக்குமென எண்ணிப் பெற்றோருக்கு அந்த இருக்கையை வாங்கிவிட வேண்டாம்.

பயணத்தைக் கைவிட நேர்ந்தால், ‘பணம் திரும்பாது’ என்ற நிபந்தனையுள்ள சீட்டாயினும் அரசு வரிகளையும் விமான நிலையப் பயனர் மேம்பாட்டுக் கட்டணத்தையும் திரும்பப் பெறும் உரிமை உங்களுக்கு உண்டு. சலுகை விலைச் சீட்டுக்கும் இது பொருந்தும். அத்தொகையைப் பணமாகத் திரும்பப் பெறுவதா, நிறுவனத்திடமே அடுத்த பயணத்துக்கு இருப்பாக வைப்பதா என்று முடிவு செய்ய வேண்டியவரும் நீங்களே. பலர் இதைக் கேட்பதே இல்லை. சீட்டை இரத்துச் செய்த பிறகு வரும் வங்கிக் கணக்கு அறிக்கையிலோ கடன் அட்டை அறிக்கையிலோ அத்தொகை வரவு வைக்கப்பட்டுள்ளதா என்று சரிபார்ப்பது நல்ல பழக்கம்.

சாமானியரை விமானத்தில் ஏற்றியது குறைந்த கட்டணமே. அதை நிலைநிறுத்தத் துணை வருவாய் உதவுகிறது என்பதையும் மறுப்பதற்கில்லை. பாட்டியின் மூட்டு வலிக்காகக் கொடுத்த 400 ரூபாய் நல்ல செலவு. எதற்கென்று அறியாமல் திரையில் தட்டிய 400 ரூபாயை அவ்வாறு சொல்ல முடியாது.