விசாகா கமிட்டியை யார் நியமிப்பது?

தமிழ்நாட்டில் ஏதாவது ஒரு கல்லூரியில் பாலியல் புகார் என்று செய்தி வந்தால், நாலாவது வரியில் "விசாகா கமிட்டி விசாரிக்கும்" என்று வந்துவிடும். விசாகா என்பது பாதிக்கப்பட்ட பெண்ணின் பெயர் என்றுதான் நான் ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். இல்லை. அது ராஜஸ்தானில் இயங்கிய ஒரு பெண்கள் அமைப்பின் பெயர். பாதிக்கப்பட்டவர் பன்வாரி தேவி, மாநில அரசின் பெண்கள் மேம்பாட்டுத் திட்டத்தில் வேலை பார்த்த கிராமப் பணியாளர். குழந்தைத் திருமணத்தைத் தடுக்கப் போனதற்காக 1992-ல் கூட்டு வன்புணர்வுக்கு ஆளானார். விசாரணை நீதிமன்றம் வன்புணர்வுக் குற்றச்சாட்டிலிருந்து எல்லோரையும் விடுவித்தது. வேலை கொடுத்தவர்களுக்கு இதில் பொறுப்பே கிடையாதா என்ற கேள்வியோடு விசாகா உள்ளிட்ட அமைப்புகள் உச்ச நீதிமன்றத்துக்குப் போயின. 1997 ஆகஸ்ட் 13 அன்று தீர்ப்பு. பணியிடம் ஒவ்வொன்றிலும் புகார்க் குழு வேண்டும், தலைவர் பெண்ணாக இருக்க வேண்டும், பாதிப் பேராவது பெண்களாக இருக்க வேண்டும், வெளியாள் ஒருவர் வேண்டும். நாடாளுமன்றம் சட்டம் கொண்டுவரும்வரை இதுவே சட்டம் என்றது நீதிமன்றம்.

நான் பி.இ. சேர்ந்தது 1998-ல். அதாவது எங்கள் கல்லூரியில் அப்போதே அப்படி ஒரு குழு இருந்திருக்க வேண்டும். நாலு வருஷத்தில் அந்த வார்த்தையைக்கூட நான் கேட்டதில்லை.

மூன்றாம் ஆண்டு மைக்ரோபிராசசர் லேப். என் பேட்ச்சில் நாலு பேர், மூன்று பையன்கள், ஒரு பெண். அந்தப் பெண்தான் எங்களில் ஒழுங்காக புரோகிராம் எழுதத் தெரிந்தவர். ரெக்கார்டு நோட்டில் கையெழுத்து வாங்க, எல்லோரும் போனபிறகு தனியாக வரச் சொல்கிறார் சார், போனால் கையைப் பிடிக்கிறார், இன்டர்னல் மார்க்கைப் பற்றிப் பேசுகிறார் என்று ஒருநாள் சொன்னார். நாங்கள் கொதித்துப்போய் எச்ஓடியிடம் போனோம். அவர் நல்ல மனிதர், பொறுமையாகக் கேட்டார், "நான் பார்த்துக்கறேன்" என்றார். அடுத்த வாரம் நோட்டீஸ் போர்டில் ஒரு சுற்றறிக்கை: மாணவிகள் மாலை நாலரை மணிக்குமேல் லேபில் இருக்கக் கூடாது.

நாங்கள் அதை வெற்றி என்று நினைத்தோம். அந்த ஆள் அதே லேபில் அதே மேஜையில்தான் இருந்தார். அந்தப் பெண்ணின் ரெக்கார்டில் கடைசிவரை அவர்தான் கையெழுத்துப் போட்டார். மினி ப்ராஜெக்ட் வேலை எல்லாம் நாலரைக்குமேல்தான் நடக்கும் என்பதால் அதைப் பையன்கள் மூன்று பேரும் முடித்தோம். அவர் பெயரையும் சேர்த்துப் போட்டோம், ஏதோ பெருந்தன்மை மாதிரி. புகார் கொடுத்தவருக்குத்தான் தண்டனை என்பது எனக்கு உறைக்கவே பத்துப் பதினைந்து வருஷம் ஆனது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். 2013-ல் சட்டம் வந்தது. பல்கலைக்கழகங்களுக்கென்று யுஜிசி தனி ஒழுங்குமுறை விதிகளை 2016 மே மாதம் அறிவித்தது. நான் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தேன். யுஜிசி விதிகள் பல இடங்களில் சட்டத்தைவிட நன்றாக இருக்கின்றன என்பது எனக்கு ஆச்சரியம். உதாரணத்துக்கு, ஆண் மாணவர்களும் மூன்றாம் பாலினத்தவரும் பாதிக்கப்படலாம் என்று அது வெளிப்படையாகச் சொல்கிறது. விசாரணை 90 நாளில் முடிய வேண்டும். அறிக்கை வந்த 30 நாளில் நிர்வாகம் நடவடிக்கை எடுக்க வேண்டும். விசாரணை நடக்கும்போது, குற்றம் சாட்டப்பட்டவர் புகார் கொடுத்தவரின் தேர்வையோ வேலையையோ மதிப்பிடாமல் தடுக்கலாம் என்றும் இருக்கிறது. இந்த வரியைப் படித்தபோது எனக்கு அந்த ரெக்கார்டு நோட்டு ஞாபகம் வந்தது. வேறு ஒரு ஆசிரியர் கையெழுத்துப் போட்டிருந்தால் பாதிப் பிரச்சினை அங்கேயே தீர்ந்திருக்கும். அதற்குச் சட்டம்கூடத் தேவையில்லை, எச்ஓடி ஒரு தாளில் எழுதினால் போதும்.

எல்லாம் இருக்கிறதே, பிறகு ஏன் எந்த மாணவியும் இந்தக் குழுவை நம்புவதில்லை? எனக்குப் பிடிபட்ட பதில், 2013 சட்டத்தின் நாலாவது பிரிவு. குழுவின் தலைவர், உறுப்பினர்கள், வெளியாள் எல்லோரையும் நியமிப்பவர் வேலை கொடுப்பவர். வெளியாள்கூட உள்ளே இருப்பவர் தேடிப்பிடித்துக் கூட்டிவரும் வெளியாள்தான். எங்கள் தொழிலில் எழுதியவனே தன் கோடை ரிவ்யூ செய்து அப்ரூவ் செய்ய விடமாட்டோம். அவன் அயோக்கியன் என்பதால் இல்லை, தன் தப்பு தன் கண்ணுக்குத் தெரியாது என்பதால். இங்கே கல்லூரியின் பெயர் கெடும் ஒரு விஷயத்தை, கல்லூரி தேர்ந்தெடுத்த, அங்கேயே சம்பளமும் பதவி உயர்வும் வாங்கும் ஆட்கள் விசாரிக்கிறார்கள்.

இது யுஜிசிக்குத் தெரியாமல் இல்லை. துணைவேந்தர், பதிவாளர், டீன், துறைத்தலைவர் போன்றவர்கள் குழுவில் இருக்கவே கூடாது என்கிறது அதன் விதி. மாணவர் சம்பந்தப்பட்ட புகார் என்றால் இளநிலை, முதுநிலை, ஆராய்ச்சி மாணவர்களிலிருந்து மூன்று பேர் குழுவில் இருக்க வேண்டும், அவர்கள் தேர்தல் மூலம் வர வேண்டும் என்றும் சொல்கிறது.

தேர்தல் என்ற யோசனை வானத்திலிருந்து குதித்ததில்லை. டெல்லி ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் விசாகா தீர்ப்புக்குப்பின், 1999-ல், ஜிஎஸ்கேஷ் என்று ஒரு குழு அமைந்தது. அதில் மாணவர்களும் ஆசிரியர்களும் ஊழியர்களும் தங்கள் பிரதிநிதிகளைத் தாங்களே தேர்ந்தெடுத்தார்கள். விசாரணை மட்டும் இல்லை, புதிதாக வருகிறவர்களுக்கு எது துன்புறுத்தல், எங்கே போய்ச் சொல்வது என்று விளக்குவதும் அதன் வேலை. அதன்மேல் விமர்சனங்களும் உண்டு, தேர்தல் என்றால் வளாக அரசியல் உள்ளே வராமல் இருக்காது. ஆனால் யாரிடம் போவது என்று ஹாஸ்டலில் இருக்கும் பெண்ணுக்குத் தெரிந்திருந்தது. தான் ஓட்டுப்போட்டவரிடம் போகலாம்.

2017 செப்டம்பரில் பல்கலைக்கழக நிர்வாகக் குழு ஜிஎஸ்கேஷைக் கலைத்துவிட்டு, நிர்வாகம் அமைக்கும் உள்புகார்க் குழுவைக் கொண்டுவந்தது. சட்டத்துக்கும் யுஜிசி விதிக்கும் பொருந்த வேண்டும் என்பது சொல்லப்பட்ட காரணம். ஆறு மாதம் கழித்து, 2018 மார்ச்சில், ஒரே பேராசிரியர்மீது மாணவிகள் பலர் புகார் சொன்னபோது அவர்கள் நேராகப் போலீசுக்குப் போனார்கள். புதுக் குழுமீது நம்பிக்கை இல்லை என்று வெளிப்படையாகவே பேச்சு எழுந்தது. அந்தப் பேராசிரியர் கைதான அன்றே ஜாமீனில் வந்தார். குற்றம் உண்மையா இல்லையா என்பது இங்கே என் விஷயம் இல்லை. குழு என்று ஒன்றை வைத்துக்கொண்டு, அதன் வாசலைத் தாண்டி மாணவிகள் ஸ்டேஷனுக்குப் போகிறார்கள் என்றால் அந்தக் குழு எதற்கு?

ஆனால் சுதந்திரமான குழு அமைந்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று சொல்லவும் எனக்கு வாய் வரவில்லை. காரணம் கோவா பல்கலைக்கழக வழக்கு. 2009-ல் ஒரு துறைத்தலைவர்மீது மாணவிகள் புகார் கொடுத்தார்கள். குழு மளமளவென்று கூட்டங்களை நடத்தி, குற்றம் உண்மை என்று அறிக்கை கொடுத்தது. அவர் வேலையிலிருந்து நீக்கப்பட்டார். பம்பாய் உயர் நீதிமன்றமும் அதை ஏற்றது. இதுவரை கேட்டால், பரவாயில்லையே, ஒரு இடத்திலாவது நடவடிக்கை எடுத்தார்களே என்று தோன்றும். 2023 மே 12 அன்று உச்ச நீதிமன்றம் அந்த நீக்கத்தை ரத்து செய்தது. குற்றம் சாட்டப்பட்டவருக்குப் பதில் சொல்லப் போதிய அவகாசம் தரவில்லை, அவசர அவசரமாக முடித்திருக்கிறார்கள், இயற்கை நீதி மீறப்பட்டிருக்கிறது, ஆகவே விட்ட இடத்திலிருந்து மறுபடி விசாரியுங்கள். 14 வருஷம் கழித்து! புகார் கொடுத்தபோது இருபதுகளில் இருந்தவர்கள் இப்போது முப்பதுகளில் இருப்பார்கள், எங்கெங்கோ வேலையில், குடும்பத்தில். அவர்களைக் கூப்பிட்டு மறுபடி முதலிலிருந்து சொல்லச் சொல்வதா?

கொல்கத்தா வழக்கு இன்னும் வேறு மாதிரி. தேசியச் சட்டப் பல்கலைக்கழகம் ஒன்றின் துணைவேந்தர்மீது அங்கே பணிபுரிந்த ஆசிரியை புகார் கொடுத்தார். தலைமைப் பொறுப்பில் இருப்பவர்மீது புகார் என்றால் உள்குழு செல்லாது, மாவட்ட அளவிலான உள்ளூர்க் குழுவுக்குப் போக வேண்டும். போனார். சட்டப்படி கடைசிச் சம்பவம் நடந்து மூன்று மாதத்துக்குள் புகார் தர வேண்டும், தகுந்த காரணம் இருந்தால் இன்னும் மூன்று மாதம் நீட்டிக்கலாம். கடைசிச் சம்பவம் 2023 ஏப்ரல், புகார் தேதி 2023 டிசம்பர் 26. காலாவதி என்று குழு தள்ளிவிட்டது. உச்ச நீதிமன்றமும் 2025 செப்டம்பரில் அதையே உறுதிசெய்தது. ஆனால் கூடவே ஒரு உத்தரவு: இந்தத் தீர்ப்பு அந்தத் துணைவேந்தரின் தன்விவரக் குறிப்பில் இடம்பெற வேண்டும். குற்றச்சாட்டு உண்மையா பொய்யா என்று யாருமே விசாரிக்கவில்லை, ஆனால் அது ரெஸ்யூமில் ஏறுகிறது. இரண்டு பக்கமும் இதில் யாருக்கு நியாயம் கிடைத்தது என்று யோசித்துப் பார்க்கிறேன், விடை கிடைக்கவில்லை. சட்டப் பேராசிரியர் ஒருவருக்கே மூன்று மாதக் கெடு தாண்டிவிடுகிறது. அஞ்சு வருஷ பிஎச்டியில், தீசிஸில் கையெழுத்துப் போட வேண்டியவர்மீது மூன்று மாதத்துக்குள் புகார் கொடு என்றால் எந்த மாணவி கொடுப்பார்? பட்டம் வாங்கியபிறகு கொடுக்கலாம் என்றிருந்தால் கெடு எப்போதோ முடிந்திருக்கும்.

நம்மூருக்கு வந்தால், கலாக்ஷேத்ரா. 2023 மார்ச்சில் புகார்கள் வெளியே வந்தபோது, உள்குழு தானே முன்வந்து விசாரித்துவிட்டது, குற்றச்சாட்டில் ஆதாரமில்லை என்று நிறுவனம் சொன்னது. மாத இறுதியில் மாணவர்கள் வளாகத்தில் உட்கார்ந்து போராடினார்கள். மாநில மகளிர் ஆணையத் தலைவர் நேரில் போனபோது அவரிடம் சுமார் 90 பேர் எழுத்தில் புகார் கொடுத்தார்கள். ஏப்ரல் 3 அன்று ஒரு ஆசிரியர் கைதானார். பிறகு ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் வெளிக்குழு வந்தது. உள்குழுவில் இருந்தவர்கள் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை. அங்கே கேட்காத ஒரு விஷயத்தை வெளியாள் ஒருவர் வந்து உட்கார்ந்ததும் 90 பேர் சொல்கிறார்கள், அவ்வளவுதான்.

அமெரிக்காவின் தேசிய அறிவியல், பொறியியல், மருத்துவ அகாதெமிகள் 2018-ல் இதைப் பற்றி ஒரு பெரிய அறிக்கை வெளியிட்டன. ஒரு இடத்தில் துன்புறுத்தல் எவ்வளவு நடக்கும் என்பதை முன்கூட்டிச் சொல்லும் வலுவான அடையாளம், அங்கே நிலவும் சூழல் என்கிறது அது. அதாவது, புகார் கொடுத்தால் மதிப்பார்களா, கொடுத்தவர் பாதிக்கப்படுவாரா, செய்தவருக்குத் தண்டனை உண்டா என்பதைப் பற்றி அங்கிருப்பவர்கள் என்ன நினைக்கிறார்கள் என்பது. சட்டப்படி எல்லாம் செய்துவிட்டோம் என்று காட்டும் கொள்கை ஆவணங்களும் பயிற்சி வகுப்புகளும் பெரிதாகத் தடுப்பதில்லை என்றும் சொல்கிறது. எங்கள் ஆபீசில் வருஷத்துக்கு ஒருமுறை ஒரு வீடியோ பார்த்து, கடைசியில் பத்துக் கேள்விக்கு டிக் அடிக்க வேண்டும். நான் அதை மியூட்டில் ஓடவிட்டு வேலை பார்த்திருக்கிறேன். வெட்கமாகத்தான் இருக்கிறது, இருந்தாலும் சொல்லிவிடுகிறேன்.

இதையெல்லாம் தோண்ட ஆரம்பித்ததற்குக் காரணம் அக்கா மகள். இந்த வருஷம் இன்ஜினியரிங் சேர்ந்தாள். ஹாஸ்டல் ஃபீஸ் பார்க்கக் கல்லூரி இணையதளத்துக்குப் போனவன், கீழே சின்ன எழுத்தில் இருந்த உள்புகார்க் குழு இணைப்பைத் தட்டினேன். ஸ்கேன் செய்த ஒரு பிடிஎஃப். தலைவர் இடத்தில் பிரின்சிபாலின் பெயர், கூடாது என்று விதி சொல்லும் அதே வகைப் பதவி. மாணவர் பிரதிநிதிகள் என்ற இடத்தில் மூன்று கோடுகள், பெயர் இல்லை. தொடர்புக்கு என்று இருந்த எண்ணுக்கு அடித்தேன். ஒரு அம்மா எடுத்தார். ரிட்டயர் ஆகி இரண்டு வருஷமாகிறது என்றார், பெயரை எடுக்கச் சொல்லி இரண்டு முறை மெயில் போட்டாராம். "எதுவும் பிரச்சினையா சார்?" என்று அவரே அக்கறையாகக் கேட்டார். இல்லைங்க, சும்மா தெரிஞ்சு வச்சுக்கலாம்னு என்றேன்.

மகளிடம் சொன்னபோது, "மாமா, எங்க சீனியர்ஸ்கிட்ட ஒரு வாட்ஸ்அப் குரூப் இருக்கு, எந்த சார்கிட்ட தனியாப் போகக் கூடாதுன்னு அதுல லிஸ்ட்டே இருக்கு" என்றாள். சேர்ந்து மூன்று வாரம்தான் ஆகிறது. அதற்குள் அவளை அதில் சேர்த்துவிட்டார்கள்.