ஒரு கார்ட்டூனுக்கு மொத்தத் தளமுமா?

வளவனூரில் வீட்டு வைஃபை மக்கர் செய்தால் முதல் போன் கேபிள்காரருக்குத்தான் போகும். மோடத்தை அணைத்துப் போடச் சொல்வார். பெரும்பாலும் அதிலேயே சரியாகிவிடும். ஆனால் யூடியூபும் வாட்ஸ்அப்பும் ஓடிக்கொண்டிருக்க, ஒரே ஒரு தளம் மட்டும் திறக்கவே மாட்டேன் என்றால் அவர் என்ன செய்வார்? 2025 பிப்ரவரி 15, சனிக்கிழமை மாலை தமிழ்நாட்டில் பலருக்கு அப்படித்தான் ஆனது. திறக்காமல் நின்றது விகடன் இணையதளம்.

அதற்குச் சில நாள் முன்புதான் அமெரிக்கா, அங்கே சட்டவிரோதமாகத் தங்கியிருந்த இந்தியர்களைக் கைவிலங்கும் கால்விலங்குமாக ராணுவ விமானத்தில் ஏற்றி அனுப்பியிருந்தது. டிரம்ப் அருகே பிரதமர் மோடி விலங்கிடப்பட்டு அமர்ந்திருப்பதுபோல் 'விகடன் பிளஸ்' இணைய இதழ் ஒரு கார்ட்டூன் போட்டது. அப்போதைய தமிழக பா.ஜ.க. தலைவர் அண்ணாமலை, மத்திய இணை அமைச்சர் எல்.முருகனிடமும் பிரஸ் கவுன்சிலிடமும் புகார் கொடுத்தார். அன்று மாலையே தளம் முடங்கியது. தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தின் நோட்டீஸ் வந்ததோ மறுநாள்.

சட்டத்தில் இதற்கு வழி இருக்கிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 69ஏ பிரிவின்படி நாட்டின் இறையாண்மை, பாதுகாப்பு, பொது ஒழுங்கு, வெளிநாடுகளுடனான நட்புறவு போன்ற காரணங்களுக்காக மத்திய அரசு இணையத்தில் எதையும் முடக்கச் சொல்லலாம். அவசரம் என்றால் முதலில் முடக்கிவிட்டு, 48 மணி நேரத்துக்குள் அதைப் பரிசீலிக்கும் அதிகாரிகள் குழுவின் முன் வைத்தால் போதும். உத்தரவுக்குக் கீழ்ப்படியாத நிறுவனத்தின் பொறுப்பாளருக்கு ஏழு ஆண்டு வரை சிறை. அப்புறம் எந்த நிறுவனம் எதிர்க்கேள்வி கேட்கும்? அதற்கும் மேல் இந்தப் பிரிவின் கீழ் வகுத்த 2009ஆம் ஆண்டு விதிகளில் 16ஆவது விதி, புகாரையும் நடவடிக்கையையும் ரகசியமாக வைக்கச் சொல்கிறது. தளம் ஏன் திறக்கவில்லை என்று கேட்கும் வாடிக்கையாளருக்குப் பதில் கிடைக்காததன் மூலகாரணம் இதுதான்.

குழந்தைகளைச் சீரழிக்கும் படங்களையோ வங்கிப் பெயரில் பணம் பறிக்கும் போலித் தளங்களையோ முடக்கினால் யாரும் கொடி பிடிக்கப் போவதில்லை. தகராறு எல்லாம் அளவு பற்றியது.

அந்தத் தகராறு சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் புதிதல்ல. '3' படத்தின் திருட்டுப் பிரதிகளைத் தடுக்க 2012இல் வாங்கிய உத்தரவைக் காட்டி, இணையச் சேவை நிறுவனங்கள் விமியோ, டெய்லிமோஷன், பேஸ்ட்பின் போன்ற தளங்களையே மொத்தமாக அடைத்தன. எதிர்ப்பு கிளம்பியது. குறிப்பிட்ட பக்கங்களைத்தான் தடுக்க வேண்டும், முழுத் தளத்தை அல்ல என்று அந்த ஜூன் மாதமே நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. ஆனாலும் 2017இல் இரண்டு இந்திப் படங்களுக்காகத் தடுக்கப்பட்ட 2,650 முகவரிகளின் பட்டியலில், பழைய நூல்களையும் பக்கங்களையும் சேமித்துவைக்கும் இன்டர்நெட் ஆர்க்கைவும் சிக்கிக்கொண்டது.

2012இல் நீதிமன்றம் சொன்ன தீர்வு நியாயமானது. ஆனால் அதன்பின் தொழில்நுட்பம் மாறிவிட்டது. இன்று பெரும்பாலான தளங்கள் எச்டிடிபிஎஸ் என்ற குறியாக்க முறையில் இயங்குகின்றன. ஒட்டிய தபால் உறையின் முகவரியைத் தபால்காரர் பார்க்கலாம், உள்ளே இருக்கும் கடிதத்தைப் படிக்க முடியாது. இணைய நிறுவனத்தின் நிலையும் அதுதான். நீங்கள் விகடன் தளத்துக்குப் போகிறீர்கள் என்பது அதற்குத் தெரியும், அங்கே எந்தப் பக்கத்தைப் படிக்கிறீர்கள் என்பது தெரியாது. தளப் பெயருக்கு எண் முகவரி சொல்லும் டிஎன்எஸ் சர்வரில் தவறான முகவரியைக் கொடுத்தாலும், இணைப்பின் தொடக்கத்தில் தெரியும் தளப் பெயரைப் பார்த்துத் துண்டித்தாலும், அடைபடுவது முழுத் தளம்தான். ஒரு பக்கத்தை மட்டும் எடுப்பது தளத்தை நடத்துபவரால்தான் முடியும். அவரிடம் கேட்காமல் நேரே சேவை நிறுவனத்துக்கு உத்தரவு போனால், கார்ட்டூனோடு சமையல் குறிப்பும் ராசிபலனும் சேர்ந்தே போகும்.

விகடனுக்குக் கார்ட்டூன் வழக்கும் புதிதல்ல. 1987இல் அமைச்சர்களையும் எம்.எல்.ஏ.க்களையும் கிண்டலடித்த அட்டைப்பட ஜோக்குக்காக, ஆசிரியர் எஸ்.பாலசுப்ரமணியனுக்குச் சட்டப்பேரவை மூன்று மாதச் சிறை விதித்தது. எதிர்ப்பு வலுக்கவே சில நாளில் விடுவிக்கப்பட்டார். பின்னாளில் வழக்குப் போட்டு வென்று, அடையாளமாக ஆயிரம் ரூபாய் இழப்பீடும் பெற்றார். அன்று ஆசிரியர் உள்ளே போனார், இதழ் வாசகர் கையில் இருந்தது. 2025இல் யாரும் கைதாகவில்லை. ஆனால் படிக்க இதழைத்தான் காணோம்.

இம்முறையும் வழக்கு உயர் நீதிமன்றத்துக்குப் போனது. ஒரு பக்கத்துக்காக மொத்தத் தளத்தையும் முடக்க வேண்டுமா என்பதே அங்கும் கேள்வி. அந்தக் கார்ட்டூனைத் தற்காலிகமாக நீக்கிவிட்டுத் தெரிவிக்கும்படி விகடனுக்கும், அதன்பின் முடக்கத்தை விலக்கும்படி அமைச்சகத்துக்கும் நீதிபதி பரத சக்கரவர்த்தி மார்ச் 6 அன்று இடைக்கால உத்தரவிட்டார். தளம் திரும்பக் கிடைத்தது. கார்ட்டூன் தேசப் பாதுகாப்புக்கோ நட்புறவுக்கோ கேடா என்ற முக்கியக் கேள்விக்கு அந்த உத்தரவு விடை சொல்லவில்லை.

அதற்கு மூன்று நாள் முன்பு, மார்ச் 3 அன்று, உச்ச நீதிமன்றம் இன்னொரு மனுவில் மத்திய அரசுக்கு நோட்டீஸ் அனுப்பியிருந்தது. மனு அந்த 16ஆவது ரகசிய விதியைப் பற்றியது. பதிவிட்டவர் யார் என்று தெரிந்தால், முடக்கும் முன் அவருக்கு நோட்டீஸ் தர வேண்டும் என்பதே நீதிபதிகளின் முதற்கட்டக் கருத்தாக இருந்தது.